நிழலில் ஊறிய செருப்பு

பெற்றவர்கள் வைத்த பெயரைச் சொன்னால் அந்த அழகு நிலையத்தில் யாருக்கும் அவளைத் தெரியாது. கத்திரி என்றால்தான் திரும்புவாள். கையிலும் கத்திரி, வாயிலும் கத்திரி என்று யாரோ ஒரு வாடிக்கையாளர் விளையாட்டாகச் சொல்லப்போய் ஒட்டிக்கொண்ட பெயர். புருஷன் மட்டும் கோபம் வந்தால் கத்திரிக்காய் என்பார். அவருக்குக் கோபம் வருவது அபூர்வம். குடிநீர் வாரியத்தில் புகார் கேட்கிற வேலை அவருக்கு. குழாய் உடைந்தவர், தண்ணீர் வராதவர், வந்த தண்ணீர் நாறுகிறது என்பவர், எல்லோருடைய திட்டையும் காதில் மாட்டிய கருவி வழியாக நாள் முழுக்க வாங்கிக்கொண்டு வருவார். வீட்டுக்கு வந்து சேரும்போது கோபம் என்று சொல்லிக்கொள்ள அவரிடம் ஒன்றும் மிச்சமிருக்காது. நாற்காலியில் சாய்வார். அத்தோடு சரி.

"நீங்க உக்காந்து சம்பாதிக்கிறீங்க, நான் நின்னு சம்பாதிக்கிறேன். இந்த வீட்டுல நடக்கறதுக்குன்னே ஒருத்தி இருக்கா. அவதான் ஒண்ணும் சம்பாதிக்கல" என்பாள் கத்திரி. நடக்கிறவள் அவள் தங்கை. ஊர் ஊராக, நாடு நாடாகச் சுற்றி, ஒரு இடத்தில் பழம் பறித்து, ஒரு இடத்தில் பாத்திரம் கழுவி, ஒரு இடத்தில் நாய்களைக் குளிப்பாட்டி, போன மாதம்தான் திரும்பியிருந்தாள். அவளுடைய பெரிய பை கூடத்துக் கதவுக்குப் பின்னால் வாயைப் பாதி திறந்துகொண்டு நின்றது. அதிலிருந்து வேண்டியதை எடுப்பாள், திரும்ப அதிலேயே திணிப்பாள். அலமாரியில் ஒரு தட்டைக் காலி செய்து கொடுத்தும் அவள் அந்தப் பக்கம் போகவில்லை.

ஆனால் தரிக்காத கால் தங்கைக்கு மட்டும் என்று நினைத்தால் தப்பு. கத்திரிக்கும் அதே கால்தான். ஊரை விட்டுப் போகவில்லை, அவ்வளவுதான். சமையலறை மேடையில் சாய்ந்தபடி நின்றே சாப்பிடுவாள். தொலைக்காட்சியை வாசற்படியில் நின்று பார்ப்பாள். பேருந்தில் இடம் கிடைத்தால் பக்கத்தில் நிற்பவருக்குக் கொடுத்துவிடுவாள். அவர்கள் மகராசியாக இரு என்று வாழ்த்துவார்கள், அவள் கூசாமல் வாங்கிக்கொள்வாள். பள்ளிக்கூடத்தில் கணக்குத் தப்பாகப் போட்டவர்களை மணி அடிக்கும்வரை நிற்க வைப்பார்கள். அவளுக்கு அது பரிசு மாதிரி. சரியாக வந்த கணக்கைக்கூட ஒன்றிரண்டு தடவை வேண்டுமென்றே தப்பாகப் போட்டிருக்கிறாள்.

முதல் வேலை ஒரு தையல் ஆலையில், பொத்தான் தைக்கும் இயந்திரத்தின் முன்னால். உட்கார்ந்த இடத்தில் காலை ஆட்டி ஆட்டி எதிர் இயந்திரத்துப் பெண்ணின் முழங்காலை வீங்க வைத்தாள். சீக்கிரமே, நீ வேறு வேலை பார்த்துக்கொள் அம்மா என்றார்கள். அதற்கப்புறம்தான் அழகு நிலையத்தில் விழுந்த முடியைக் கூட்டும் வேலைக்கு வந்தாள். கூட்டிக்கொண்டே பார்த்தாள். பார்த்துக்கொண்டே கற்றாள். நாற்காலிக்குப் பின்னால் நின்று முதல் தலையை அவள் வெட்டிய நாளில், உட்காரத் தேவையில்லாத ஒரு தொழில் உலகத்தில் இருக்கிறதே என்று அவளுக்கு நிம்மதியாக இருந்தது. அன்றிலிருந்து நின்றுகொண்டிருக்கிறாள்.

இப்போது அந்த நிம்மதிக்குத்தான் ஆபத்து வந்திருந்தது. வந்தது வலது குதிகால் வழியாக.

காலையில் கட்டிலை விட்டு இறங்கும் முதல் அடி ஆணியின் மேல் வைத்தது போலிருக்கும். நடக்க நடக்கக் கொஞ்சம் அடங்கும். மதியத்துக்கு மேல் திரும்ப ஏறும். நாலு மணிக்கு மேல் அவள் நொண்டுவது அவளுக்கே கண்ணாடியில் தெரிந்தது. சுற்றிலும் கண்ணாடி வைத்த கடையில் நொண்டலை எங்கே மறைப்பது? கடைக்காரம்மாவும் பார்த்துவிட்டார். எல்லோரும் அவரை மேடம் என்பார்கள். கறாரானவர், ஆனால் கல்நெஞ்சுக்காரர் இல்லை.

புதன்கிழமை மேடம் அவளைக் கூப்பிட்டார். முன்மேசையில் உட்கார்ந்து தொலைபேசி எடுக்கிற பெண் மேல்படிப்புக்குப் போகிறாள். அந்த இடம் காலியாகிறது.

"திங்கள்கிழமையிலேர்ந்து நீ முன்னாடி உக்காந்துக்கம்மா. போன் எடு, வர்றவங்களுக்கு நேரம் குறிச்சுக் கொடு. எல்லாரையும் உனக்குத் தெரியும். உன் காலுக்கும் நல்லது."

பக்கத்தில் நின்ற பெண்கள், "அக்காவுக்கு யோகம்தான்" என்று கை தட்டினார்கள். அவர்களில் யாரைக் கேட்டாலும் அந்த நாற்காலிக்கு ஓடிப்போய்த் துண்டு போட்டிருப்பார்கள். குளிர்சாதனம் நேராக அடிக்கும் இடம். கத்திரி மட்டும் கை தட்டவில்லை. உட்கார மாட்டேன் என்று சொல்லலாம். சொன்னால் என்ன நினைப்பார்கள்? உட்கார்த்தி வைத்து அழகு பார்க்கிறேன் என்கிறவரிடம், இல்லை, என்னை நிற்க விடுங்கள் என்று கெஞ்சினால் திமிர் என்பார்களா, கிறுக்கு என்பார்களா? எதையும் பட்டென்று சொல்லிவிடுகிற கத்திரி அன்று சுற்றி வளைத்து ஒன்றைச் சொன்னாள்.

"கால் அவ்வளவு மோசமில்ல மேடம். சனிக்கிழமை பாருங்க. நொண்டாம நின்னு காட்டுறேன். அப்புறம் முடிவு பண்ணுங்க."

சனிக்கிழமைதான் கடையில் கூட்டம் நெரிக்கும் நாள். மேடம் சிரித்தார். "சரி, பாக்கலாம்" என்றார்.

அவள் அப்படிச் சவால் விட்டது தன் காலை நம்பி அல்ல, தன் செருப்பை நம்பி.

அது தக்கைச் செருப்பு. மேலே மெத்தென்ற தோல், அடியில் ரப்பர், நடுவில் தடிமனாகத் தக்கை. தக்கை காலைப் பார்த்து அமுங்கும், அமுங்கிய இடத்தில் அப்படியே நின்றுவிடும். ஐந்து விரலுக்கும் ஐந்து குழி, குதிகாலுக்கு ஒரு கிண்ணம். கண்ணைக் கட்டிக்கொண்டு காலை விட்டாலும் தன்னுடையதுதான் என்று தெரியும். ஒரு மருத்துவமனைத் தாதி முடி வெட்ட வந்தபோது, நின்று வேலை செய்கிறவர்களுக்கு இதுதான் சரி என்று சொல்லிவிட்டுப் போனார். அதை வாங்கிய நாள் முதல் கத்திரி வேறு செருப்பில் வேலை பார்த்ததில்லை.

கடையில் வெட்டி விழும் முடியெல்லாம் அந்த மெத்தென்ற தோலில் குத்திக்கொண்டு நிற்கும். பேன் சீப்பால் வாரி எடுப்பாள். தலை வாருகிற மாதிரியே, வகிடெல்லாம் எடுக்காத குறைதான். அழுக்கு ஏறிய இடத்தைப் பள்ளிக்கூடப் பிள்ளைகளின் அழிப்பானால் தேய்ப்பாள். பாத்திரம் கழுவும் திரவத்தில் ஒரு சொட்டு, பழைய பல்துலக்கி, பிழிந்த துணி. வியர்வை வாடைக்குச் சமையல் சோடாவைத் தூவி மறுநாள் தட்டிவிடுவாள். அதற்கும் போகாவிட்டால் வினிகரில் பாதிக்குப் பாதி தண்ணீர் கலந்து துணியால் ஒற்றி எடுப்பாள். பக்கவாட்டில் தக்கை வெடிக்க ஆரம்பித்தால் மரத்துக்கு ஒட்டும் வெள்ளைப் பசையை விரலால் பூசி மூடுவாள். நாற்காலியில் உட்கார்ந்த வாடிக்கையாளர்களுக்கெல்லாம் இந்த வைத்தியத்தை ஓதுவாள். "தண்ணியில போடாதீங்க, சூடு காட்டாதீங்க, நிழல்ல ஒலர விடுங்க. இந்த மூணையும் பண்ணா உங்களுக்கப்புறமும் செருப்பு இருக்கும்" என்பாள். கேட்டவர்களில் சிலருக்கு அந்தக் கடைசி வார்த்தை அவ்வளவாகப் பிடிக்காது.

வியாழக்கிழமை வந்தது வினை. குழைத்து வைத்த தலைச்சாயக் கிண்ணம் தள்ளுவண்டியிலிருந்து சரிந்து வலது செருப்பில் கவிழ்ந்தது. தட்டிவிட்டவள் அவள்தான். சனிக்கிழமையை நினைத்து வியாழக்கிழமையே பரபரத்துக்கொண்டிருந்தாள். துடைக்கத் துடைக்கக் கரும்பழுப்பு பரவியது. வீட்டுக்கு வந்து பற்பசையால் தேய்த்தாள், பாதி போனது. வெள்ளிக்கிழமை காலை சமையல் சோடாவைக் குழைத்து மீதிக் கறையின் மேல் அப்பி, பால்கனி ஓரத்தில் வைத்தாள். கிடைத்த ரப்பர் செருப்பை மாட்டிக்கொண்டு வேலைக்குக் கிளம்பினாள்.

மதியம் கடையில் நாலு முடி உலர்த்திகள் ஒன்றாகக் கத்திக்கொண்டிருக்கும்போது தங்கைக்குப் போன் போட்டாள்.

"ஏய், என் செருப்பு மேல சோடா காஞ்சிருக்கும். தட்டி விட்டுட்டு, ஈரத் துணியால ஒரு தடவ தொடைச்சு, நிழல்ல ஒலர வை!"

"என்ன வைக்கணும்?"

"ஒலர! நிழல்ல! ஒலர வைடி!"

"சரி சரி, கத்தாத, வைக்கிறேன்."

சாயங்காலம் வீட்டுக்குள் நுழைந்தவள் முதலில் பார்த்தது பால்கனியை. அங்கே செருப்பு இல்லை.

"எங்கடி செருப்பு?"

"பாத்ரூம்ல."

"பாத்ரூம்ல எதுக்கு?"

"நீதானக்கா நிழல்ல ஊற வைன்ன. எனக்கே புரியல, ஊற வைக்கிறதுக்கு எதுக்கு நிழலுன்னு. தக்கைக்கு அப்படி ஏதோ இருக்கும்போலன்னு நெனச்சேன். நம்ம வீட்டுல வெயிலே எட்டிப் பாக்காத எடம் அதுதான."

கத்திரி ஓடினாள். வாளி நிறையத் தண்ணீர். இரண்டு செருப்பும் மிதந்திருக்க வேண்டும், தக்கையாயிற்றே. மிதக்காமல் இருக்க அவற்றின் மேல் துவைக்கும் கல் ஒன்றை எடுத்து வைத்திருந்தாள் தங்கை. பழம் பறித்த ஊரில் அவளுக்குப் பொறுப்பு என்று ஒன்று கற்றுக் கொடுத்திருந்தார்கள். அதை முழுசாக இங்கே காட்டியிருந்தாள்.

"ஒலர வைன்னேன்டி! ஒ-ல-ர!"

"போன்ல ஊறன்னுதான் விழுந்துச்சு. அங்க என்ன, புயலா அடிச்சுட்டு இருந்துச்சு?"

"எத்தன பாஷை பேசுற ஊரெல்லாம் சுத்தின? சொந்த அக்கா பேசுற பாஷை காதுல ஏறல!"

"அங்கல்லாம் யாரும் என்கிட்ட கத்தல" என்றாள் தங்கை. குரல் இறங்கியிருந்தது. செருப்பைத் தூக்கியபோது அது ஈரத் துணி மாதிரி கனத்ததை அவளும் பார்த்தாள்.

நாளை சனிக்கிழமை. கத்திரி செருப்பைத் துணியில் சுற்றி அழுத்தினாள். செய்தித்தாளில் வைத்து அழுத்தினாள். தாள் நனைந்து கிழிந்ததே தவிரச் செருப்பு காயவில்லை. அறைக்கும் கூடத்துக்கும் நடந்தாள். புருஷன் நாற்காலியிலிருந்து, "காஞ்சா காயட்டும், விடும்மா" என்றார். அது எந்தப் புகாருக்கும் அவர் சொல்கிற பதில்தான். விட முடிந்தால் அவள் கத்திரி ஆவாளா? கை தானாகவே அலமாரியைத் திறந்து முடி உலர்த்தியை எடுத்தது. ஈரம் என்றால் அந்தக் கைக்குத் தெரிந்தது அது ஒன்றுதான். ஆயிரம் தலைகளை அப்படித்தான் காய வைத்திருக்கிறது. சூடு காட்டாதீர்கள் என்று ஊருக்கெல்லாம் ஓதிய வாய் அந்த நேரத்தில் மூடிக்கொண்டது.

சூட்டை முழுதாகத் திருகி, தலைக்கு வைப்பதைவிட நெருக்கமாகப் பிடித்தாள். முதலில் ஆவி வந்தது. அப்புறம் ஒரு வாடை வந்தது. அப்புறம் வலது செருப்பு சோம்பல் முறிப்பது போல மெல்ல வளைந்து, பக்கவாட்டில் வாயைத் திறந்தது. ரப்பர் ஒரு பக்கம், தக்கை ஒரு பக்கம், தோல் ஒரு பக்கம். உள்ளே இருந்த பசை இளகி நூல் நூலாக இழுத்தது.

அவள் உலர்த்தியை அணைத்தாள்.

"அக்கா" என்றாள் தங்கை. அவள் பிளந்த செருப்பைக் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். "இங்க வா. இத முன்னாடியே பாத்திருக்கியா?"

குதிகால் இருக்க வேண்டிய இடத்தில் தக்கை கிட்டத்தட்ட இல்லவே இல்லை. இடது செருப்பில் இரண்டு விரல் தடிமன் இருந்தது. வலதில், அதுவும் வெளிப்பக்கமாக, ஒரு பிஸ்கட் அளவுக்குத்தான் ஒட்டிக்கொண்டிருந்தது. உட்கார்ந்திருப்பவரின் வலப்பக்கம் நின்று, வலது காலில் சாய்ந்து, நாற்காலியைத் திருப்பித் திருப்பி வெட்டுவதுதான் அவள் பழக்கம். அத்தனை வருஷத்துச் சாய்வும் அங்கே இறங்கியிருந்தது. அதுநாள்வரை மேலே தோல் சுத்தமாக, வாரி விட்ட முடி மாதிரி பளபளத்ததால் உள்ளே இருந்த பள்ளம் தெரியவில்லை.

"தரையிலதான் நின்னுட்டு இருந்திருக்க. செருப்பு சும்மா வேஷம்" என்றாள் தங்கை.

"வாய மூடு" என்றாள் கத்திரி. ஆனால் அந்தப் பள்ளத்தில் கட்டைவிரலை வைத்து அழுத்தி அழுத்திப் பார்த்தாள். குதிகால் வலிக்கும் அதே இடம்.

அதற்கப்புறம் தங்கை சும்மா இருக்கவில்லை. சமையலறைக்குப் போனாள். சூடான பாத்திரம் வைக்கும் வட்டமான தக்கைத் தட்டு மேசை மேல் கிடந்தது. புருஷன் காபித் தம்ளர் வைப்பதும் அதன் மேல்தான். அதை எடுத்துக் காரட் துருவியில் துருவ ஆரம்பித்தாள்.

"அது என் தட்டு" என்றார் அவர்.

"புகார் பதிவாயிடுச்சு மாமா. நடவடிக்கை எடுக்கப்படும்" என்றாள் தங்கை, துருவுவதை நிறுத்தாமல்.

அவர் வயிறு குலுங்கச் சிரித்தார். கத்திரிக்கும் சிரிப்பு வரப் பார்த்தது, கஷ்டப்பட்டு அடக்கிக்கொண்டாள். "அந்தத் துருவியில இனிமே காரட் துருவக் கூடாது" என்று மட்டும் சொன்னாள்.

மின்விசிறிக்கடியில் செருப்பைப் பிரித்து வைத்து, ஈரம் தொட்டால் தெரியாத அளவுக்குக் காயும்வரை மூன்று பேரும் காத்திருந்தார்கள். காத்திருந்தது அவர் ஒருத்தர்தான். மற்ற இருவரும் குறுக்கும் நெடுக்கும் நடந்தார்கள். பிறகு தக்கைத் துருவலை வெள்ளைப் பசையில் பிசைந்து குதிகால் பள்ளத்தில் அப்பினாள் தங்கை. தோலை மேலே போர்த்தினாள். ரப்பரை அடியில் ஒட்டினாள். இடதின் விளிம்பும் லேசாகப் பிளந்திருந்தது, அதற்கும் பசை பூசினாள். மேலே பலகை வைத்தாள். இனி நல்ல பாரம் வேண்டும். சுற்றுமுற்றும் பார்த்தாள். கதவுக்குப் பின்னால் நின்ற பையை இழுத்து வந்து, கிடந்த துணிமணி எல்லாவற்றையும் அதில் அடைத்து, பலகை மேல் ஏற்றினாள்.

"ஒரு பகல் ஒரு ராத்திரி முழுசா இருக்கணும். யாரும் தொடக் கூடாது. தொட்டா போச்சு."

"அப்ப நாளைக்குச் சாயங்காலம் நீ எப்படிக் கிளம்புவ?" என்று கேட்டார் மாமா.

தங்கை நாளைக்குக் கிளம்புவதாகத்தான் சொல்லியிருந்தாள், எங்கோ ஒரு தோட்டத்தில் ஆள் எடுக்கிறார்களாம். மூன்று பேரும் பையைப் பார்த்தார்கள். அது செருப்பின் மேல் சப்பணம் போட்டு உட்கார்ந்திருந்தது.

"ஞாயித்துக்கிழமை பாத்துக்கறேன்" என்றாள் தங்கை கடைசியில், வேறு எங்கோ பார்த்துக்கொண்டு.

சனிக்கிழமை கத்திரி தங்கையின் செருப்பைப் போட்டுக்கொண்டு வேலைக்குப் போனாள். அதுவும் தக்கைதான். ஆனால் தங்கையின் தக்கை. அவளுடைய விரல் குழிகளில் இவளுடைய விரல்கள் பொருந்தவில்லை. அவளுக்குப் பள்ளம் இருந்த இடத்தில் இவளுக்கு மேடு வேண்டியிருந்தது. அவளுக்கு மேடு இருந்த இடம் இவள் உள்ளங்காலைக் குத்தியது. சொந்தக் காலில் நிற்பது என்று எல்லோரும் பேசுகிறார்களே, அதற்கு உண்மையான அர்த்தம் என்ன என்பது அன்று காலை ஒன்பது மணிக்குள் அவளுக்குப் புரிந்துவிட்டது.

ஒரே இடத்தில் நிற்க முடியவில்லை. நின்றால் குத்தியது. அதனால் நாற்காலியைத் திருப்பாமல் தானே சுற்றி வந்தாள். இடப்பக்கம் போய் வெட்டினாள், முன்னால் வந்து பார்த்தாள், பின்னால் போனாள். வாராவாரம் தலை சீவிக்கொள்ள வரும் ஓய்வு பெற்ற டீச்சரம்மா கண்ணாடியில் அவளைத் தேடித் தேடிச் சலித்துப் போனார்.

"ஏன்டியம்மா, என்னையே சுத்திச் சுத்தி வர்ற? எனக்குக் கிறுகிறுன்னு வருது. என்ன வேண்டுதல்?"

"உங்கள எல்லாப் பக்கமும் அழகாக்கணும்னுதான் டீச்சரம்மா. இத்தன நாளும் வலது பக்கம் மட்டும்தான் அழகா இருந்தீங்க."

"வாய்க்கு ஒரு நாளும் லீவு விடாத."

மேடம் முன்மேசையில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். கத்திரிக்கு அது முதுகில் தெரிந்தது. மதியம் தாண்டியது. நாலு மணியும் தாண்டியது. கூட்டம் குறையவில்லை. இதற்குள் அவளுக்கு வலது கால் வலித்தது, இடது காலும் வலித்தது. கட்டை விரல், உள்ளங்கால், கணுக்கால் என்று வலி வீடு வீடாகக் குடியேறியிருந்தது. குதிகால் மட்டும்தான் என்று இனிமேல் யாரும் சொல்ல முடியாது.

ஐந்து மணிக்கு மேடம் பக்கத்தில் வந்தார்.

"பரவாயில்லையே. நீ நொண்டவே இல்ல."

கத்திரி கண்ணாடியைப் பார்த்தாள். உண்மைதான், நொண்டவில்லை. நொண்டுவதற்கு ஒரு கால் நன்றாக இருக்க வேண்டும். இரண்டும் ஒரே அளவுக்கு வலித்ததால் நடை நேராக இருந்தது. ஜெயித்துவிட்டோம் என்று தோன்றியது. தோன்றிய அடுத்த நிமிஷமே என்னவோ உறுத்தியது.

அந்த நேரத்தில்தான் தங்கை கடைக்குள் நுழைந்தாள். பை இல்லாமல் வீட்டில் இருக்க அவளுக்குப் பிடிக்கவில்லை. பையைத் தொடாமல் பார்த்துக்கொண்டிருக்க அதைவிடப் பிடிக்கவில்லை. அக்கா எப்படி நிற்கிறாள் என்று பார்த்துவிட்டுப் போகலாம் என்று வந்திருந்தாள். முன்மேசையில் இருந்த பெண் அன்று சீக்கிரம் கிளம்பிவிட்டாள். தொலைபேசி அடித்துக்கொண்டே இருந்தது. எல்லோர் கையிலும் சாயம். தங்கையின் கை சும்மா இருக்குமா? எடுத்தாள். பேசினாள். எழுதினாள். மறுபடி அடித்தது, மறுபடி எடுத்தாள்.

கொஞ்ச நேரத்தில் மேடம் அதைப் பார்த்துத் தலையில் கை வைத்தார். ஒரே நாற்காலிக்கு, ஒரே நேரத்துக்கு, மூன்று பேரை வரச் சொல்லியிருந்தாள்.

"மூணு பேரும் ரொம்ப அவசரம்னாங்க" என்றாள் தங்கை. "பாவம்ல."

மேடம் கத்திரியின் பக்கம் திரும்பினார். "இதுக்குத்தாம்மா சொல்றேன். இந்த மேசைக்கு உன்ன விட்டா ஆளில்ல. கால் நல்லாத்தான் இருக்கு, ஒத்துக்கறேன். இருந்தாலும் எத்தன நாளைக்கு? திங்கள்கிழமை வந்து உக்காந்துடு."

ஆக, நொண்டாமல் நின்று காட்டியும் அதே நாற்காலிதான். கத்திரி கையிலிருந்த சீப்பைக் கீழே வைத்தாள். மூன்று நாளாகத் தொண்டையில் கிடந்தது வெளியே வந்தது.

"மேடம், நான் உங்கள ஏமாத்துனேன். நொண்டலன்னு நெனைக்காதீங்க. ரெண்டு காலும் வலிக்குது, அதான் தெரியல. வலிச்சாலும் எனக்கு நிக்கணும். உக்கார வச்சா எனக்குப் பைத்தியம் பிடிச்சுடும். நான் சாப்பிடறதே நின்னுதான், என் வீட்டுக்காரரக் கேளுங்க. என்ன உக்கார வச்சீங்கன்னா எதுத்தாப்புல இருக்கற கடைக்குப் போய் நின்னுடுவேன்."

சாயம் பூசிக்கொண்டிருந்த பெண்கள் எல்லோரும் திரும்பினார்கள். டீச்சரம்மா அப்போதே போயிருந்தார். இருந்திருந்தால் அவர்தான் முதலில் ஏதாவது சொல்லியிருப்பார்.

மேடம் அவளை ஏற இறங்கப் பார்த்தார். "இத புதன்கிழமையே சொல்லித் தொலைக்கறதுக்கு என்ன? நான் எத்தன வருஷம் நின்னுருக்கேன் தெரியுமா? என்னைக்காவது உக்காரணும்னுதான் இந்தக் கடையே வச்சேன். எல்லாருக்கும் அதே ஆசைதான் இருக்கும்னு நெனச்சேன். உனக்கு நல்லது பண்றேன்னு நானே ராத்திரியெல்லாம் சந்தோஷப்பட்டுட்டு இருந்தேன்."

"திமிருன்னு நெனைப்பீங்கன்னு பயந்துட்டேன்."

"திமிருதான். அதுல என்ன சந்தேகம்?" என்றார் மேடம். முன்மேசை நாற்காலியை இழுத்துப் போட்டு, தானே அதில் உட்கார்ந்தார். உட்கார்ந்ததும் ஒரு பெருமூச்சு விட்டார். "ஆள் கிடைக்கற வரைக்கும் நானே பாத்துக்கறேன். ஆனா ஒண்ணு. திங்கள்கிழமை முதல் வேலையா டாக்டர்கிட்ட உன் காலக் காட்டிட்டு வா. அவர் நிக்காதன்னா?"

"அத அவர் சொல்லட்டும். அப்ப நானே வந்து உங்ககிட்ட சொல்றேன்."

மேடம் தங்கையைப் பார்த்தார். "நீ அந்த மூணு பேருக்கும் போன் போட்டு ரெண்டு பேர மாத்திட்டுப் போ."

ஞாயிற்றுக்கிழமை காலை தங்கை பையை இறக்கினாள். பலகையை எடுத்தாள். செருப்பு ஒட்டியிருந்தது. அழகாக இல்லை. ஓரத்தில் பசை வெண்மையாகப் பிதுங்கியிருந்தது. தலைச்சாயக் கறை போன பாதி போனதுதான், மீதி அப்படியே இருந்தது. குதிகால் மட்டும் புதிதாக, உயரமாக, யாருடைய காலும் படாததாக இருந்தது.

கத்திரி காலை விட்டாள். அவளுடைய செருப்பு இல்லை அது. தங்கையுடையதும் இல்லை. குதிகால் தூக்கி நின்றது, விரல்கள் தங்கள் பழைய குழிகளைத் தேடிக் கொஞ்சம் முன்னால் நழுவின. வலி போய்விட்டதா என்று கேட்டுக்கொண்டாள். போகவில்லை. ஆனால் ஆணி இருந்த இடத்தில் இப்போது ஆணி இல்லை, ஆணியைப் பிடுங்கிய இடம் இருந்தது.

"நடந்தாதான் அமுங்கும்" என்றாள் தங்கை.

கூடத்தின் இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவர்வரை நடந்தாள். திரும்பினாள். இந்தத் தடவை இடது காலில் சாய்ந்து பார்த்தாள், வராத பழக்கம், தடுமாறியது. திரும்ப நடந்தாள். தங்கை பையிலிருந்து ஒரு சட்டையை எடுத்தாள், அலமாரி வரைக்கும் கொண்டு போனாள், யோசித்தாள், திரும்பிப் பைக்கே வந்தாள். மறுபடி எடுத்தாள். இருவரும் கூடத்தின் நடுவில் ஒருவரை ஒருவர் இடித்துக்கொள்ளாமல் விலகி விலகிப் போனார்கள்.

நாற்காலியில் இருந்த அவர் தம்ளரை எங்கே வைப்பது என்று தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தார்.

"ரெண்டு பேர்ல யாராவது ஒருத்தராவது உக்காருங்களேன். எனக்குத் தலை சுத்துது."

"புகார் பதிவாயிடுச்சு" என்றாள் கத்திரி, சுவரைத் தொட்டுத் திரும்பி.